பதினைந்தாவது கட்டம்

புத்தம் புதுசு என்று சொல்லி விற்ற மெமரி கார்டில் பதினான்கு கட்டங்கள் நிரம்பிக் கிடந்தன.

சிதம்பரநாதன் மூக்குக் கண்ணாடியைக் கழற்றி வேட்டி நுனியில் துடைத்து மாட்டிக்கொண்டு மறுபடி எண்ணினான். மேலிருந்து எண்ணினாலும் கீழிருந்து எண்ணினாலும் பதினான்குதான். டிவி திரையின் சாம்பல் நிறத்தில் மூன்று மூன்றாக ஐந்து வரிசைக் கட்டங்கள், ஒவ்வொன்றுக்குள்ளும் நகத்தளவில் ஒரு படம், கடைசி வரிசையின் கடைசிக் கட்டம் மட்டும் காலி. படங்கள் சும்மாவும் இருக்கவில்லை. ஒன்றில் ஒரு சின்ன உருவம் குனிந்து, நிமிர்ந்து, மறுபடி குனிந்தது. இன்னொன்று கதவுப் பக்கம் தலையைத் திருப்பிப் பார்த்தது, இந்தப் பக்கம் பார்த்தது, திரும்பவும் கதவைப் பார்த்தது. எல்லாவற்றுக்கும் மூன்றே அசைவுகள், முடிந்ததும் முதலிலிருந்து. ஏதோ ஜப்பான்காரன் ஆட்டத்தின் பொம்மைகள் என்று நினைத்து ஒவ்வொன்றாக அழிக்கப் பார்த்தான். அழிக்க முடியாது என்று ஆங்கிலத்தில் ஒரு வரி வந்தது. பதினான்கு தடவையும் அதே வரிதான் வந்தது.

“ஏமாத்துக்காரப் பய,” என்று கார்டை விற்ற ஹனீஃபாவைத் திட்டினான்.

அவனுக்குக் கோபம் எப்போதுமே மூக்குக்கு மேல் நிற்கும். இந்த மூன்று நாளாக அது இறங்கவே இல்லை. 1999ஆம் வருஷத்துக் கத்திரி வெயில், தி.நகரின் சந்துக்குள் இரண்டாம் மாடி வீடு, ஒன்பது வயது மகள் லாவண்யாவுக்கு அம்மை போட்டு அன்று மூன்றாம் நாள். வாசல் நிலையில் வேப்பிலைக் கொத்து தொங்கியது. மனைவி முத்துலட்சுமி தாளிப்பதை நிறுத்திவிட்டாள், விருந்தாளிகளை நிறுத்திவிட்டாள், புருஷன் வெளியே போவதையும் நிறுத்திவிட்டாள். வெளிப் பொருள் உள்ளே வரக்கூடாது, உள்ளே இருக்கும் பொருள் வெளியே போகக்கூடாது. ஐந்தாம் நாள் முதல் தண்ணி, ஏழாம் நாள் இரண்டாம் தண்ணி, ஒன்பதாம் நாள் மூன்றாம் தண்ணி. வெயிலில் காய்ந்த வேப்பிலைத் தண்ணீரை மூன்றாம் முறை தலையில் ஊற்றினால்தான் ஆத்தா இறங்கினாள் என்று கணக்கு. பாத்திரக் கடையைப் பார்த்துக்கொண்டிருந்த தம்பியும் போனில் கையெடுத்துக் கும்பிடாத குறையாகச் சொல்லியிருந்தான்: “மூணாம் தண்ணி ஊத்துற வரைக்கும் கடப்பக்கம் வராதண்ணே. கல்யாண சீசன். தெரிஞ்சா ஒரு ஆள் படியேற மாட்டான்.”

அதனால் வீட்டிலேயே கிடந்தான். பிள்ளை சொறிந்துவிடாமல் பார்த்துக்கொள்வது அவன் வேலை. சொறிந்தால் முகத்தில் தழும்பு நிற்கும், சீழ் பிடித்தால் இன்னும் மோசம் என்று டாக்டர் பயமுறுத்தியிருந்தார். லாவண்யா சொறியாமல் இருந்தது ஒரே ஒரு நேரத்தில்தான், மச்சான் சிங்கப்பூரிலிருந்து கொண்டுவந்த கேம் பெட்டியில் விளையாடும்போது. ஒரு முயல் தீவு தீவாகத் தாவிப் போகும் ஆட்டம் அது. ஆனால் அந்தப் பெட்டிக்கு ஞாபகம் கிடையாது. கீழே வாட்ச்மேன் மோட்டார் போட்டால் போதும், வோல்டேஜ் இறங்கி, டிவி படம் நாலு பக்கமும் சுருங்கி, பெட்டி அணைந்து எரியும். முயல் முதல் தீவுக்கு வந்துவிடும். உடனே அழுகை, அழுகையோடு சொறிதல். விட்ட இடத்தைப் பிடித்துவைக்க ஒரு மெமரி கார்டு வேண்டும் என்று லாவண்யாதான் சொன்னாள். முத்துலட்சுமி குளிக்கப் போன நேரத்தில் அவன் பாண்டி பஜார் நடைபாதைக்கு ஓடி, வேட்டி மடிப்பில் ஒளித்துக் கொண்டுவந்தது அந்தக் கார்டைத்தான்.

அவள் கண்ணில் அது படாமல் போகவில்லை.

“ஏங்க, அம்ம போட்ட வீட்டுக்குள்ள புதுப் பொருள கொண்டாந்தியளா? நான் படிச்சுப் படிச்சுச் சொன்னேன்லா.”

“இதெல்லாம் ஒரு பொருளா? ரெண்டு விரல் அகலம்தான் இருக்கு.”

“அதுல யார் வீட்டுப் பிள்ளை எல்லாம் இருக்கோ,” என்றாள் அவள், திரையைப் பார்த்து. பிறகு அடுப்படிக்குப் போய்விட்டாள்.

நான்காம் நாள் மதியம் லாவண்யாவின் உடம்பில் விரல் வைக்க இடமில்லை. கழுத்து, முதுகு, காது மடல், எங்கும் நீர் கோத்த கொப்புளங்கள். அறையில் வேப்பிலையின் கசப்பு வாசனையும் ஈரப் பருத்தித் துணியின் புழுக்கமும் மஞ்சளின் நெடியும் ஒன்றோடொன்று கலந்து தொண்டையில் ஒட்டின. மின்விசிறி அந்தக் காற்றையே எடுத்து அந்தக் காற்றையே திருப்பிக் கொடுத்துக்கொண்டிருந்தது. முயல் ஆறாம் தீவில் நின்றது. கார்டைச் செருகினான். கார்டு இல்லை என்றது பெட்டி. உருவி ஊதிச் செருகினான். இல்லை. பள்ளிக்கூட ரப்பரால் அதன் பித்தளைப் பற்களைத் தேய்த்தான், வேட்டியால் துடைத்தான், பெட்டியின் மண்டையில் ஒரு தட்டுத் தட்டினான். ஏழாவது தடவை பிடித்துக்கொண்டது. எழுதுகிறது, கார்டை எடுக்காதே என்று திரையில் ஒரு வரி மின்னியது.

அப்போது கட்டிலில் இருந்த லாவண்யா வலது கையைப் பின்னால் கொண்டுபோனாள். அவன் பக்கம் தலையைத் திருப்பினாள்.

“அப்பா, முதுகுல அரிக்குதுப்பா. தடவி விடேன்.”

கையை இறக்கினாள். வேப்பிலைக் கொத்தால் முதுகைத் தடவிக்கொண்டே எழுதி முடிந்ததா என்று பார்த்தான். முடிந்திருந்தது. ஏழு தடவை படுத்திய எரிச்சலில் சந்தோஷம்கூட வரவில்லை. ராத்திரி சாப்பாட்டுக்கு முன் கட்டங்களைத் திறந்து பார்த்தபோது, பதினைந்தாவது கட்டத்தில் ஒரு பழுப்புக் கட்டில் இருந்தது. அதன்மேல் ஒரு சின்ன உருவம். கை பின்னால் போயிற்று, தலை திரும்பியது, கை இறங்கியது. முயல் ஆட்டத்துக்குக் கட்டில் எதற்கு என்று யோசித்தான். பசித்தது, எழுந்து போய்விட்டான்.

ஐந்தாம் நாள் முதல் தண்ணி ஊற்றினார்கள். ஆறாம் நாள் கொப்புளங்கள் வாடிக் கறுத்துத் தோலோடு ஒட்டின. பிள்ளைக்கு அரிப்பு தாங்கவில்லை. அம்மை வீட்டில் நகம் வெட்டக்கூடாது என்பது முத்துலட்சுமியின் சட்டம்; அவள் மாடியில் துணி காயப்போடப் போன நேரத்தில் அவன் பத்து விரலையும் ஒட்ட வெட்டிவிட்டான். வெட்டியதை வெளியே எறியவும் முடியாது. காலி வத்திப்பெட்டிக்குள் போட்டுச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டான். அந்தத் திருட்டுத்தனத்துக்குப் பரிசாகப் பிள்ளைக்கு ஆட்டத்தைப் போட்டுக்கொடுத்தான். அரை மணி நேரம் மல்லுக்கட்டியபின் கார்டு பிடித்தது. ஆறாம் தீவு வந்தது.

லாவண்யா வலது கையைப் பின்னால் கொண்டுபோனாள். தலையைத் திருப்பினாள்.

“அப்பா, முதுகுல அரிக்குதுப்பா. தடவி விடேன்.”

வேப்பிலையை எடுத்துக்கொண்டு பின்பக்கம் போனவன் நின்றுவிட்டான். காலையில் கறுத்துக் காய்ந்திருந்த முதுகில் கொப்புளங்கள் நீர் கோத்துப் பளபளத்தன. ஒன்றுகூட உடையவில்லை.

“அப்பா, எனக்கு எப்ப முதல் தண்ணி?” என்று கேட்டாள் லாவண்யா.

“நேத்துதான ஊத்துனோம்?”

“இல்லப்பா. நாளைக்குன்னு அம்மா சொன்னா.”

டாக்டர் போனில், சில பேருக்கு இரண்டாம் வரிசை கிளம்பும் என்றார். ஆத்தா கோபத்தில் இருக்கிறாள் என்றாள் முத்துலட்சுமி, கணக்கை நான்காம் நாளிலிருந்து மறுபடி தொடங்கினாள். தம்பி போனில் பெருமூச்சு விட்டான். சிதம்பரநாதனுக்கு யாரைப் பிடித்து அடிப்பது என்று தெரியவில்லை. சாயங்காலம் பிள்ளை வறட்டு வறட்டென்று சொறியும் சத்தம் கேட்டு ஓடிப்போய்க் கையைப் பிடித்தால், பத்து விரலிலும் நகம் நீளமாக இருந்தது. நாம்தான் வெட்டவில்லையோ என்று நினைத்தான். சட்டைப்பையில் வத்திப்பெட்டி இருந்தது. திறந்து பார்க்கத் தோன்றாமல் மறுபடி ஒட்ட வெட்டி அதிலேயே போட்டுக்கொண்டான்.

மறுபடி முதல் தண்ணி. மறுபடி கொப்புளங்கள் வாடின. அடுத்த நாள் மதியம் பாயில் கண் அசந்திருந்தவன் முயலின் டிங் டிங் பாட்டுக் கேட்டு விழித்தான். லாவண்யாவே கார்டைச் செருகி ஆட்டத்தைத் திறந்திருந்தாள். ஆறாம் தீவு.

கை பின்னால் போயிற்று.

“அப்பா, முதுகுல அரிக்குதுப்பா. தடவி விடேன்.”

அதே குரல். ‘தடவி’யில் அதே இழுப்பு. அவள் விரல்களைப் பிடித்துப் பார்த்தான். நகம் நீளமாக இருந்தது. வத்திப்பெட்டியைத் திறந்து பாயில் கொட்டி எண்ணினான். இருபது. பிறை பிறையாக இருபது துண்டுகள், ஒவ்வொரு விரலுக்கும் இரண்டிரண்டு. சுண்டுவிரல் நகத்தின் ஓரத்தில் லாவண்யாவுக்கு ஒரு வெள்ளைப் புள்ளி உண்டு. அந்தப் புள்ளி போட்ட துண்டும் இரண்டு இருந்தது. அவள் கையிலும் ஒன்று இருந்தது.

 ஆட்டத்தை அணைத்தான். கார்டை உருவி, செருப்புப் போட மறந்து படியிறங்கினான்.

ஹனீஃபா தன் நடைபாதைக் கடையில் கால்குலேட்டர்களுக்கு நடுவே உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருந்தான். கார்டை நீட்டினதும் அவன் கார்டைப் பார்க்கவில்லை, சிதம்பரநாதனின் விரல்களைப் பார்த்தான். விரலெல்லாம் மஞ்சளும் வேப்பிலைப் பச்சையும்.

“வூட்ல அம்மயா சார்?”

“நீ முதல்ல இதத் திருப்பி எடுத்துக்க. காசு வேண்டாம்.”

“மன்ச்சிக்க சார். அம்ம போட்ட வூட்டுப் பொருள நான் தொடமாட்டேன். எங்க வூட்லயும் கொழந்தைங்க கீது.”

“இது யார் குடுத்தது உங்கிட்ட?”

ஹனீஃபா டீ டம்ளரைக் கீழே வைத்தான். “ஒரு அம்மா சார். கோபாலபுரம் சைடு. குடுத்துட்டு காசு வாங்காமயே பூட்ச்சு. இத யாராச்சும் தொறந்து பாத்துக்கினே இருக்கணும்பா, மூடி வெக்காதன்னு சொல்லிச்சு. லூசுன்னு நெனச்சேன்.”

திரும்பி வரும்போது தார் ரோடு உள்ளங்காலைச் சுட்டது. கூவத்தில் எறிந்துவிடலாம் என்று நினைத்தான், காலால் மிதித்து உடைத்துவிடலாம் என்று நினைத்தான். உடைந்தால் உள்ளே இருப்பது என்ன ஆகும் என்று நினைத்ததும் கார்டை வேட்டி மடிப்பில் பத்திரமாகச் செருகிக்கொண்டான். பூட்டிவைத்தால்? பத்து வருஷம் கழித்து, பிள்ளை காலேஜ் போய், கல்யாணமாகி, எங்கோ ஒரு வீட்டில் இருக்கும்போது, எவனோ ஒருவன் அந்தக் கட்டத்தைத் திறந்தால்? அழிக்கவும் அது விடாது. ஒரே ஒரு வழிதான் இருந்தது. அந்தக் கட்டத்தின் மேலேயே மறுபடி எழுதவேண்டும். மூன்றாம் தண்ணி ஊற்றி, உடம்பு தேறி, பிள்ளை சிரித்துக்கொண்டிருக்கும் நேரத்தில் எழுதவேண்டும். அப்புறம் எவன் திறந்தாலும் அவள் நல்லபடியாகத்தான் எழுந்து வருவாள்.

வயர்களைப் பிடுங்கிப் பெட்டியையும் கார்டையும் பீரோவில் வைத்துப் பூட்டினான். லாவண்யா அழுதாள், அழட்டும் என்று விட்டான். முத்துலட்சுமியிடம் எல்லாவற்றையும் சொன்னான். அவள் திட்டுவாள் என்று எதிர்பார்த்தான். அவள் வத்திப்பெட்டியை வாங்கித் திறந்து பார்த்துவிட்டு, சாமி படத்துக்குப் பின்னால் வைத்தாள்.

முதல் தண்ணி போயிற்று. இரண்டாம் தண்ணி போயிற்று. ஒன்பதாம் நாள் காலை பித்தளை அண்டாவில் வேப்பிலைத் தண்ணீர் வெயிலில் காய்ந்தது. பதினோரு மணிக்கு மூன்றாம் தண்ணியை ஊற்றினார்கள். பொருக்குகள் உதிர்ந்து, புதுப் பாவாடை கட்டி, ஈரத்தலையோடு கட்டிலில் உட்கார்ந்த லாவண்யாவின் முகத்தில் ஒரு தழும்பு இல்லை. சிதம்பரநாதனுக்குக் கண் கலங்கியது.

கீழே போய் வாட்ச்மேன் சக்திவேலிடம், நான் சொல்லும்வரை மோட்டார் போடாதே என்று சொல்லிவிட்டு வந்தான். பெட்டியை இறக்கி வயர்களை மாட்டினான். பழைய கட்டத்தைத் திறக்காமல், புது ஆட்டம் தொடங்கி, முயலை முதல் தீவின் எல்லைக்குக் கொண்டுபோக அவனுக்கு முக்கால் மணி நேரம் ஆயிற்று. லாவண்யா கட்டிலிலிருந்து சிரித்தாள். “குதிப்பா. குழியில விழறியே.” முத்துலட்சுமி அவள் கையில் மோர் டம்ளரைக் கொடுத்தாள்.

கார்டு முதல் தடவையிலேயே பிடித்தது. அதுவே அவனுக்குப் பிடிக்கவில்லை.

பதினைந்தாவது கட்டத்தின் மேல் எழுதட்டுமா? சரி. எழுதுகிறது, கார்டை எடுக்காதே.

ஐந்து நிமிஷம் ஆயிற்று. வரி மின்னிக்கொண்டே இருந்தது. முயல் பாட்டு நின்று, பெட்டிக்குள் ஒரு மெல்லிய உரசல் மட்டும் கேட்டது, எங்கோ யாரோ சுவரைச் சொறிவதைப் போல. பத்து நிமிஷம். வாயிற்படியில் சக்திவேல் தலையை நீட்டினான். “சார், மேல் தொட்டி காலியா கீது. மூணாவது மாடிக்காரங்க கத்துறாங்கோ. மோட்டர் போட்டுக்கவா?”

“போடாதன்னு சொன்னேன்ல.”

“இன்னா சார், எவ்ளோ நேரம்.” முனகிக்கொண்டே இறங்கிப் போனான்.

கால் மணி. போன் அடித்தது, அடித்து ஓய்ந்தது. தம்பியாகத்தான் இருக்கும். சிதம்பரநாதன் பல்லைக் கடித்தான். பெட்டியின் மண்டையில் தட்டப் போன கையை இழுத்துக்கொண்டான்.

“ஏங்க,” என்றாள் முத்துலட்சுமி.

அவள் குரல் சரியாக இல்லை. திரும்பிப் பார்த்தான்.

லாவண்யா மோர் டம்ளரை உதட்டுக்குக் கொண்டுபோயிருந்தாள். உதட்டுக்கு ஒரு அங்குலம் இருந்தது. டம்ளர் சாய்ந்திருந்தது. மோர் விளிம்புவரை வந்திருந்தது. வழியவில்லை.

“லாவண்யா.”

கண் இமைக்கவில்லை. ஈரத்தலையிலிருந்து புறப்பட்ட ஒரு சொட்டு காதுக்குக் கீழே தொங்கியது. விழவில்லை. தொட்டுப் பார்த்தான். உடம்பு சூடாகத்தான் இருந்தது. மூச்சு இல்லை. நாடி இல்லை. சூடு மட்டும்.

“எப்பலேருந்து?”

“டம்ளர குடுத்தேன், வாங்குனா. நான் ஜன்னலச் சாத்திட்டுத் திரும்புதேன்...” முத்துலட்சுமி பிள்ளையின் தோளைப் பிடித்து உலுக்கினாள். தோள் அசையவில்லை. “எதாவது செய்யுங்க.”

எழுதுகிறது. கார்டை எடுக்காதே.

“முடிஞ்சிரும். எழுதி முடிஞ்சிரும். கொஞ்சம் பொறு.”

அரை மணி. உரசல் சத்தம். மின்னும் வரி. சொட்டு தொங்கியது. மேலே யாரோ குழாயைத் திறந்து மூடித் திறந்து திட்டினார்கள். போன் மறுபடி அடித்தது.

“செய்யுங்க. பாத்துக்கிட்டே நிக்கியளே. பிள்ள மூச்சு விடலங்க.”

அவனால் அதற்கு மேல் முடியவில்லை. எத்தனை நாள் கோபமோ, எத்தனை நாள் பயமோ, எல்லாம் கைக்கு வந்தது. கார்டைப் பிடித்து வெடுக்கென்று உருவினான்.

சொட்டு விழுந்தது.

டம்ளர் விழுந்து உருண்டது. மோர் பாவாடையில் வழிந்தது. லாவண்யா மூச்சு விட்டாள். முத்துலட்சுமி ஐயோ என்று அவளைக் கட்டிக்கொண்டாள். சிதம்பரநாதன் தரையில் உட்கார்ந்துவிட்டான், அழுகையும் சிரிப்புமாக வந்தது.

லாவண்யா வலது கையைப் பின்னால் கொண்டுபோனாள். தலையைத் திருப்பினாள். கையை இறக்கினாள்.

“அரிக்குதாடா கண்ணு?”

கை பின்னால் போயிற்று. தலை திரும்பியது. கை இறங்கியது.

அவள் வாய் திறக்கவில்லை. முத்துலட்சுமியின் அணைப்புக்குள்ளேயே அந்தக் கை நகர்ந்தது, அம்மாவின் தோளில் இடித்து இடித்து நகர்ந்தது. கண்கள் அவனைப் பார்த்தன. அவனைத் தாண்டிப் பார்த்தன. கை பின்னால். தலை. கை கீழே.

எப்படிச் செய்தான் என்று அவனுக்கே தெரியவில்லை. பெட்டிக்குள் இருந்த முயல் ஆட்டத்தின் வட்டை வெளியே எடுத்தான். கார்டைத் திரும்பச் செருகினான். கட்டங்களைத் திறந்தான். சாம்பல் நிறத் திரை வந்தது, ஐந்து வரிசை, பதினைந்து கட்டம்.

பதினான்கு உருவங்களும் அசைவை நிறுத்தியிருந்தன. குனிந்து நிமிர்ந்தது குனியவில்லை. கதவைப் பார்த்தது கதவைப் பார்க்கவில்லை. எல்லாம் ஒரே பக்கம் திரும்பியிருந்தன. கடைசி வரிசை. கடைசிக் கட்டம்.

அங்கே கட்டில் காலியாக இருந்தது. பக்கத்தில் புதுப் பாவாடையின் நிறத்தில் இரண்டு புள்ளி. அவற்றின்மேல் ஒரு முகம். மூன்று அசைவு இல்லை. அது ஓடியது. கட்டத்தின் இந்த ஓரத்துக்கு ஓடியது, அந்த ஓரத்துக்கு ஓடியது. பிறகு நேராக முன்னால் வந்தது. கட்டம் முழுவதும் முகமாயிற்று. வாய் திறந்தது, மூடியது. திறந்தது, மூடியது. சத்தம் இல்லை. அப்பா என்று கூப்பிடும்போது லாவண்யாவின் வாய் அப்படித்தான் திறந்து மூடும்.

அவனுக்குப் பின்னால், கட்டிலில், பாவாடை சரசரத்தது. கை பின்னால். தலை. கை கீழே.

கீழே சக்திவேல் அதற்கு மேல் காத்திருக்கவில்லை. மோட்டார் உறுமி ஓடத் தொடங்கியது. மின்விசிறி வேகம் குறைந்தது. திரையின் நாலு பக்கத்திலிருந்தும் கறுப்பு உள்ளே வந்தது.

கட்டங்கள் சுருங்கின. அந்த முகம் இரண்டு கைகளையும் தூக்கி, வந்துகொண்டிருந்த கறுப்பின் மேல் வைத்துத் தள்ளியது.